கண்ணை மூடியதும் கால் ஏன் தடுமாறுகிறது?

நீங்கள் கேட்டிருப்பது இது. அம்மாவுக்கு 67 வயது. பகலில் கடைத்தெருவரை நடந்து போய்க் காய்கறி வாங்கி வருகிறார். ஆனால் குளியலறையில் முகத்துக்குச் சோப்புப் போட்டுக் கண்ணை மூடியதும் ஒரு பக்கமாகச் சாய்கிறார். இரவில் மின்சாரம் போய்விட்டால் சுவரைப் பிடிக்காமல் ஓரடிகூட எடுத்து வைக்க முடியவில்லை. தலைசுற்றல் இல்லை என்கிறார். கண் மருத்துவர் பார்வை நன்றாக இருப்பதாகச் சொல்லிவிட்டார். பன்னிரண்டு ஆண்டுகளாகச் சர்க்கரைக்கு மாத்திரை சாப்பிட்டு வருகிறார். கண் நன்றாக இருக்கும்போது இருட்டில் மட்டும் ஏன் இப்படி ஆகிறது, உடல் தன் சமநிலையை எப்படிக் காத்துக்கொள்கிறது என்று கேட்கிறீர்கள்.

இயன்முறை மருத்துவத்தில், அதிலும் முதியவர்களின் நடைப் பயிற்சியில், நெடுங்காலமாக இருப்பவன் என்பதால் விரிவாகவே எழுதுகிறேன். விடையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: அம்மாவின் பாதத்தில் உணர்வு குறைந்திருக்க வாய்ப்பு அதிகம், அந்தக் குறையைக் கண் இத்தனை நாளும் ஈடுகட்டி வந்திருக்கிறது, வெளிச்சம் போகும்போதுதான் அது வெளியே தெரிகிறது. ஏன் அப்படி என்று புரிய வேண்டுமானால், நிற்பது என்ற செயலையே கொஞ்சம் உற்றுப் பார்க்க வேண்டும்.

நின்ற நிலையில் நம் உடலின் ஈர்ப்பு மையம், உயரத்தில் ஏறத்தாழ 55 விழுக்காட்டில், தொப்புளுக்குச் சற்றுக் கீழான மட்டத்தில், இடுப்புக்கூட்டின் உள்ளே இருக்கிறது. அதாவது எடையில் பெரும்பகுதியை மேலே வைத்துக்கொண்டு, இரண்டு பாதங்களும் அவற்றுக்கு இடையில் உள்ள தரையுமாகச் சேர்ந்த ஒரு சிறு பரப்பின்மேல் நிற்கிறோம்; ஒரு செய்தித்தாளை மடித்துப் போட்டால் அந்தப் பரப்பை மூடிவிடலாம். ஈர்ப்பு மையத்திலிருந்து நேர் கீழே ஒரு தூக்குநூல் விட்டால், அது அந்தப் பரப்புக்குள் விழும்வரை நிற்க முடியும். வெளியே போனால் அடியெடுத்து வைக்க வேண்டும், இல்லையேல் விழ வேண்டும். இடுப்பில் தண்ணீர்க் குடத்தை வைத்த பெண் எதிர்ப்பக்கம் சாய்ந்து, வெறுங்கையை விலக்கி நீட்டியபடி நடப்பது இந்தத் தூக்குநூலைப் பாதங்களுக்கு நடுவே திரும்பக் கொண்டுவருவதற்காகத்தான். அதை அவருக்கு யாரும் கணக்குப் போட்டுக் கொடுத்ததில்லை.

அந்த நூல் கணுக்கால் மூட்டின்மேல் விழுவதில்லை; மூட்டுக்குச் சில சென்டிமீட்டர் முன்னால் விழுகிறது. ஆகவே நிற்கும் மனிதன் எந்த நேரமும் முன்னோக்கி விழுந்துகொண்டே இருக்கிறான். கெண்டைக்கால் தசைகள் பின்னாலிருந்து இழுத்து அந்த விழுதலைத் தடுத்துக்கொண்டே இருக்கின்றன. இதை நேரில் பார்க்க விரும்பினால், வீட்டில் திடமான ஒருவரை வெறுங்காலோடு, பாதங்களைச் சேர்த்து வைத்து, கண்ணை மூடி நிற்கச் சொல்லுங்கள். நீங்கள் அருகில் கீழே உட்கார்ந்து அவர் பாதங்களை மட்டும் கவனியுங்கள். பாதத்தின் மேற்புறத்தில் ஓடும் தசைநாண்கள் ஒன்று புடைக்க, இன்னொன்று அடங்கும். பெருவிரல் தரையை அழுத்தும், பிறகு விடும். குதிகாலின் உட்புறத்திலும் வெளிப்புறத்திலும் எடை மாறி மாறி ஏறி இறங்கும். மேலே முகத்தைப் பார்த்தால் அவர் சும்மா நிற்பதுபோல இருக்கும். முதல் முறை பார்க்கும்போது எனக்கு அது வியப்பாக இருந்தது. இத்தனை ஆண்டுகளுக்குப் பிறகும் இருக்கிறது.

இத்தனை திருத்தங்களையும் செய்வதற்கு, உடல் எந்தப் பக்கம், எவ்வளவு, எவ்வளவு வேகமாகச் சாய்கிறது என்ற செய்தி மூளைக்கு நொடிதோறும் வந்தாக வேண்டும். அதை மூன்று இடங்கள் அனுப்புகின்றன: பாதம் முதல் கழுத்து வரையுள்ள தோலும் தசைகளும் மூட்டுகளும், உள்காது, கண்.

முதலாவதைப் பற்றித்தான் பலருக்குத் தெரிவதில்லை. ஒவ்வொரு தசைக்குள்ளும், தசை எவ்வளவு நீண்டிருக்கிறது, எவ்வளவு வேகமாக நீள்கிறது என்று அளக்கும் நுண்ணிய உணர்கருவிகள் பொதிந்திருக்கின்றன. தசைநாண்களில் இழுவிசையை அளப்பவை உண்டு. உள்ளங்கால் தோலில் அழுத்தத்தை அளப்பவை உண்டு. கண்ணை மூடிக்கொண்டு உங்கள் ஆட்காட்டி விரலால் மூக்கின் நுனியைத் தொட முடிகிறதே, அது இந்த உணர்வால் முடிகிறது. இதை உறுப்புநிலை உணர்வு என்கிறோம். இதன் ஆற்றலைக் காட்ட ஒரு சோதனை போதும்: கண்ணை மூடி நிற்பவரின் குதிகாலுக்கு மேலுள்ள தடித்த தசைநாணின்மேல் ஓர் அதிர்வுக் கருவியை வைத்தால், கெண்டைக்கால் தசை நீள்கிறது, உடல் முன்னால் சாய்கிறது என்று மூளை தவறாகப் புரிந்துகொண்டு உடலைப் பின்னால் இழுக்கிறது. அவர் பின்பக்கமாகச் சாய்வார். ஏன் சாய்கிறோம் என்று அவருக்கே தெரியாது.

இந்த உணர்வு அடியோடு போய்விட்டால் என்ன ஆகும் என்பதற்கு மருத்துவ உலகில் பலரும் அறிந்த ஒருவரின் வரலாறு இருக்கிறது. 1971இல் இங்கிலாந்தைச் சேர்ந்த 19 வயது இளைஞர் ஒருவருக்கு, ஒரு காய்ச்சலுக்குப் பிறகு கழுத்துக்குக் கீழே தொடு உணர்வும் உறுப்புநிலை உணர்வும் முற்றிலும் போய்விட்டன. தசைகளின் வலிமைக்கு ஒரு குறையும் வரவில்லை. ஆனாலும் அவரால் எழுந்து உட்காரக்கூட முடியவில்லை. கை எங்கே இருக்கிறது, கால் எங்கே இருக்கிறது என்பது பார்த்தால்தான் தெரிந்தது. ஒவ்வோர் அசைவையும் கண்ணால் பார்த்து, மனத்தால் திட்டமிட்டு, ஓராண்டுக்கும் மேலாக உழைத்து அவர் மீண்டும் நடக்கக் கற்றுக்கொண்டார். நின்றுகொண்டிருக்கும்போது விளக்கு அணைந்துவிட்டால் அப்படியே சரிந்து விழுவார். உங்கள் அம்மாவின் நிலைக்கும் இதற்கும் அளவில் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு உண்டு. ஆனால் நடப்பது ஒரே வகையான செயல்தான்.

அடுத்து உள்காது. காது கேட்பதற்கு மட்டுமன்று என்பது 1820களில் பாரிஸில் பியர் ஃப்ளூரான்ஸ் புறாக்களில் செய்த சோதனைகளிலிருந்து தெரியவந்தது. உள்காதின் அரைவட்டக் குழல்களை வெட்டியபோது புறாக்களுக்குக் கேட்கும் திறன் போகவில்லை, நேராக நிற்கும் திறன் போயிற்று. ஒவ்வொரு காதிலும் மூன்று குழல்கள், ஒன்றுக்கொன்று ஏறத்தாழச் செங்குத்தாக, மூன்று தளங்களில் அமைந்துள்ளன. உள்ளே திரவம். தலையைத் திருப்பினால் குழலின் சுவர் உடனே நகர்கிறது, திரவம் சற்றுப் பின்தங்குகிறது. அந்தப் பின்தங்கலில் உணர்வணுக்களின் மேலுள்ள மயிரிழைகள் வளைகின்றன. இரண்டு காதுகளின் நரம்புகளும் தலை அசையாதபோதும் ஓயாமல் துடித்துக்கொண்டிருக்கும். வலப்பக்கம் திரும்பினால் வலக்காதின் துடிப்பு கூடும், இடக்காதின் துடிப்பு குறையும். அந்த வேறுபாட்டைத்தான் மூளை படிக்கிறது. ஒரு காது மட்டும் திடீரெனப் பழுதானால், அசையாமல் படுத்திருக்கும்போதே அறை சுழல்வதுபோலத் தோன்றுவது இதனால்தான்.

குழல்கள் சுழற்சியை அளக்க, அவற்றை ஒட்டியுள்ள இரண்டு சிறு பைகள் சாய்வையும் நேர்கோட்டு ஓட்டத்தையும் அளக்கின்றன. அவற்றில் ஒரு கூழ்ப்படலத்தின்மேல், முட்டையோடு எதனால் ஆனதோ அதே கால்சியம் கார்பனேட்டால் ஆன மிகச் சிறிய படிகங்கள் படிந்திருக்கின்றன. தலை சாய்ந்தால் படிகங்களின் எடையால் படலம் சரிகிறது. மேல் எது, கீழ் எது என்று மூளை அறிகிறது. மிதக்கும் நிலையில் பல வாரங்கள் இருந்துவிட்டு வரும் விண்வெளி வீரர்கள் தரையிறங்கியதும் நேராக நடக்கத் திணறுவதற்கு, இந்தப் பைகளின் செய்தியை மூளை வேறு விதமாகப் படிக்கப் பழகிவிட்டிருப்பது ஒரு முக்கியமான காரணம்.

உள்காது கண்ணுக்கும் ஓர் உதவி செய்கிறது. இப்போது நீங்கள் படிக்கும் திரையைக் கையில் வைத்து வேகமாக இடவலமாக ஆட்டுங்கள், எழுத்துகள் கலங்கிவிடும். அடுத்துத் திரையை அசைக்காமல், அதே வேகத்தில் தலையை ஆட்டுங்கள், படிக்க முடியும். தலை திரும்பியதும் நொடியில் நூறில் ஒரு பங்கு நேரத்துக்குள் உள்காது கண் தசைகளுக்குச் செய்தி அனுப்பி, விழிகளை எதிர்ப்பக்கம் அதே அளவு திருப்பிவிடுகிறது. நடக்கும்போது ஒவ்வோர் அடிக்கும் தலை குலுங்கினாலும் தெரு குலுங்காமல் தெரிவதற்கு இந்த ஏற்பாடே காரணம். உள்காதைப் பற்றிய ஆய்வுக்காக வியன்னாவின் ராபர்ட் பாராணிக்கு 1914ஆம் ஆண்டுக்கான நோபல் பரிசு அறிவிக்கப்பட்டபோது, அவர் ரஷ்யாவில் போர்க்கைதியாக இருந்தார்.

கண்ணைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை, நாம் அறிந்ததுதான். ஆனால் சமநிலைக்குக் கண் எப்படி உதவுகிறது என்பதில் ஒரு நுட்பம் உண்டு. எதிரேயுள்ள பொருள் என்ன என்பதைவிட, சுற்றியுள்ள காட்சி எப்படி நகர்கிறது என்பதையே மூளை இதற்குப் பயன்படுத்துகிறது. எடின்பரோ பல்கலைக்கழகத்தில் டேவிட் லீ 1970களில் சுவர்களும் கூரையும் மட்டும் நகரக்கூடிய ஓர் அறையை அமைத்தார், தரை அசையாது. சுவர் சில சென்டிமீட்டர் நகர்ந்ததுமே, நிற்கப் பழகிய குழந்தைகள் தடுமாறினார்கள், சிலர் விழுந்தார்கள். பெரியவர்களும் சாய்ந்தார்கள். நின்றிருக்கும் ரயிலில் நாம் நிற்கும்போது, பக்கத்துத் தண்டவாளத்தில் உள்ள ரயில் கிளம்பியதும் நம் கை தானாகக் கம்பியைத் தேடுகிறதே, அதுவும் இதுதான்.

மூன்று செய்திகளும் எப்போதும் ஒத்துப்போவதில்லை. ஆகவே மூளை அவற்றுக்குச் சமமான மதிப்புக் கொடுப்பதில்லை. இடத்துக்கும் நேரத்துக்கும் ஏற்ப மதிப்பை மாற்றிக்கொண்டே இருக்கிறது. வெளிச்சமான இடத்தில் கெட்டியான தரையில் நிற்கும் நலமான ஒருவரிடம், பாதமும் தசைகளும் தரும் செய்திக்கு ஏறத்தாழ 70 விழுக்காடும், உள்காதுக்கு 20 விழுக்காடும், கண்ணுக்கு 10 விழுக்காடும் மதிப்புக் கிடைப்பதாக ஆய்வாளர்கள் மதிப்பிட்டிருக்கிறார்கள். மெத்தையின்மேல் நிற்கும்போதும் கடல் மணலில் நடக்கும்போதும் பாதத்தின் செய்தி நம்பத்தக்கதாக இருக்காது. உடனே உள்காதின் மதிப்பும் கண்ணின் மதிப்பும் ஏறிவிடும். இந்தக் கணக்கில் உங்கள் கேள்விக்கான சாவி இருக்கிறது. அமைதியாக நிற்கும்போது உண்டாகும் மிகச் சிறிய அசைவுகளை உள்காதைவிடக் கணுக்கால்தான் நுட்பமாக உணர்கிறது. கணுக்காலின் உணர்வு மங்கினால், சாய்வு கொஞ்சம் பெரிதான பிறகே உள்காதுக்குத் தெரியும்; இடையில் உள்ள இடைவெளியைக் கண் மட்டுமே நிரப்ப முடியும்.

செய்தி வந்த பின் என்ன நடக்கிறது? கெண்டைக்கால் தசை திடீரென இழுபட்டால், தண்டுவடத்தின் வழியாகவே ஓர் அனிச்சைச் செயல் நொடியில் நூறில் நான்கு பங்கு நேரத்தில் அதைச் சுருக்கத் தொடங்குகிறது. ஆனால் அதற்கு வலிமை போதாது. உண்மையில் நம்மைக் காப்பாற்றுவது அதற்கு அடுத்து, நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரத்தில், மூளைத்தண்டின் வழியாக வரும் ஒருங்கிணைந்த எதிர்வினை. சாய்வு சிறிதாக இருந்தால் உடல் முழுவதும் ஒரு கம்புபோலக் கணுக்காலில் மட்டும் அசைந்து நேராகும். பெரிதாக இருந்தாலோ, குறுகிய வரப்பின்மேல் நிற்பதுபோல் பாதத்துக்கு இடம் போதாமல் இருந்தாலோ, இடுப்பு வளைந்து உடலைச் சரிசெய்யும். அதுவும் போதாதபோது கால் தானாக ஓரடி எடுத்து வைக்கும். “நல்லவேளை, சுதாரித்துக்கொண்டேன்” என்று நாம் சொல்லும்போது, நாம் எண்ணத் தொடங்குவதற்கு முன்பே உடல் சுதாரித்து முடித்திருக்கிறது.

இன்னும் வியப்பானது, உடல் முன்கூட்டியே செய்யும் திருத்தம். நிற்கும் ஒருவர் கையை முன்னால் உயர்த்தினால் உடலின் எடை முன்னால் போகும். 1967இல் மாஸ்கோ ஆய்வாளர்கள் தசைகளின் மின்துடிப்பைப் பதிவு செய்து பார்த்தபோது, தோள் தசை சுருங்குவதற்கு முன்னதாகவே காலின் தசைகள் வேலையைத் தொடங்கிவிடுவதைக் கண்டார்கள். பரணிலிருந்து ஒரு பாத்திரத்தை எடுக்கக் கை உயரும் முன்பே, அந்தக் கையால் வரப்போகும் சாய்வுக்குக் கால் தயாராகிவிடுகிறது. இவற்றை ஒழுங்குபடுத்துவதிலும் பழக்கத்தின் மூலம் செம்மைப்படுத்துவதிலும் சிறுமூளைக்குப் பெரும் பங்கு உண்டு. மூளையின் எடையில் பத்தில் ஒரு பங்கே உள்ள அந்த உறுப்பில்தான் மூளையின் நரம்பணுக்களில் பாதிக்கு மேல் உள்ளன. குடித்தவரின் நடை தள்ளாடுவது சிறுமூளை மயங்குவதால்தான்.

இனி உங்கள் அம்மாவுக்கு வருவோம். 1840களில் பெர்லினைச் சேர்ந்த மோரிட்ஸ் ஹைன்ரிக் ரோம்பெர்க் என்ற மருத்துவர், தண்டுவடத்தின் பின்பகுதி நைந்துபோன நோயாளிகள் இருட்டில் தடுமாறுவதையும், கண்ணை மூடி நிற்கச் சொன்னதும் தள்ளாடுவதையும் விவரித்தார். அவர் பார்த்தவர்களுக்கு அந்த நைவு சிபிலிஸ் நோயால் வந்தது. பாதத்திலிருந்தும் தசைகளிலிருந்தும் நிலையுணர்வை மேலே கொண்டுசெல்லும் நரம்பிழைகள் தண்டுவடத்தின் பின்பகுதி வழியாகவே போகின்றன. கண் திறந்திருக்கும்வரை சமாளிப்பவர், மூடியதும் தள்ளாடினால், குறை அந்தப் பாதையிலோ பாதத்து நரம்பிலோ இருக்கலாம் என்று கொள்வது அன்றிலிருந்து இன்றுவரை மருத்துவர்களின் வழக்கம். இரண்டு உள்காதுகளும் சேர்ந்து பழுதுபட்டவர்களும் இருட்டில் தடுமாறுவார்கள். ஆனால் அவர்கள் நடக்கும்போது தெருவே குலுங்குவதாகச் சொல்வார்கள். முகம் கழுவக் குனிந்து கண்ணை மூடியதும் தடுமாறுவதை, ரோம்பெர்க் சோதனையை வீட்டிலேயே அறியாமல் செய்து பார்ப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள்.

இந்தக் காலத்தில், நம் வீடுகளில், இதற்கு முதலில் சந்தேகிக்க வேண்டியவை இரண்டு. ஒன்று, நீரிழிவால் வரும் நரம்புச் சேதம். உடலிலேயே மிக நீளமான நரம்புகள் பாதத்துக்குப் போகின்றன. அவைதான் முதலில் கெடும். இரண்டாவது, வைட்டமின் பி12 குறைபாடு. அது தண்டுவடத்தின் அந்தப் பின்பகுதியையே தாக்கும். அசைவமோ போதிய பாலோ சேர்த்துக்கொள்ளாதவர்களுக்கு இது வரலாம். சர்க்கரைக்கு மெட்ஃபார்மின் மாத்திரையைப் பல ஆண்டுகள் சாப்பிடுபவர்களுக்கும் பி12 குறைவது நன்கு அறியப்பட்டது. மாத்திரையை நீங்களாக நிறுத்திவிட வேண்டாம். பி12 அளவைப் பார்க்கும்படி மருத்துவரிடம் கேளுங்கள். குறைபாடு என்று தெரிந்தால் ஊசியாலோ மாத்திரையாலோ ஈடுகட்ட முடியும், ஆனால் தாமதித்தால் நரம்பு முழுமையாக மீளாமல் போகலாம். இந்த ஒரு காரணத்துக்காகவே உங்களை அவசரப்படுத்துகிறேன்.

அம்மாவிடம் சில கேள்விகள் கேளுங்கள். பாதம் மதமதப்பாக இருக்கிறதா? பஞ்சின்மேல் நடப்பதுபோல இருக்கிறதா? நடக்கும்போது செருப்பு கழன்றுபோனது தெரியாமல் சில அடிகள் வந்திருக்கிறாரா? இந்தக் கடைசிக் கேள்விக்கு “ஆமாம், அடிக்கடி” என்று ஒருவர் சொன்னால், மற்றச் சோதனைகளைத் தொடங்கும் முன்பே நான் அவர் பாதத்தைக் கையில் எடுத்துப் பார்ப்பேன். பல நேரம் அங்கே அவருக்கே தெரியாத ஒரு கொப்புளமோ முள் குத்திய புண்ணோ இருக்கும். நீங்களும் இன்றே பார்த்துவிடுங்கள், விரலிடுக்குகளையும் சேர்த்து. மருத்துவர் இசைக்கவையைத் தட்டிக் கணுக்கால் எலும்பில் வைத்து அதிர்வு தெரிகிறதா என்று கேட்பார். பெருவிரலை மேலும் கீழும் அசைத்து, கண்ணை மூடிய நிலையில் எந்தப் பக்கம் என்று சொல்லச் சொல்வார். எளிய சோதனைகள்தான், ஐந்து நிமிடத்தில் முடியும்.

வேறு காரணங்களையும் ஒதுக்கிவிட முடியாது. படுக்கையில் புரளும்போது சில நொடிகள் மட்டும் உலகம் சுழன்றால், அது உள்காதின் படிகம் பிரிந்து குழலுக்குள் போனதால் இருக்கலாம். தலையைக் குறிப்பிட்ட முறையில் திருப்பிப் படுக்கவைத்தே அதைப் பெரும்பாலும் சரிசெய்துவிடலாம். உட்கார்ந்து எழுந்ததும் கண் இருட்டிக்கொண்டு வந்தால் இரத்த அழுத்தம் இறங்குகிறதா என்று பார்க்க வேண்டும். தூக்க மாத்திரையும் தடுமாற வைக்கும். தடுமாற்றம் திடீரென்று தொடங்கி, பேச்சுக் குழறினாலோ, இரட்டையாகத் தெரிந்தாலோ, ஒரு பக்கக் கைகால் வலுவிழந்தாலோ, இப்படி எழுதிக் கேட்டுக்கொண்டிருக்காமல் அந்த நொடியே மருத்துவமனைக்குக் கொண்டுபோய்விட வேண்டும்.

பயிற்சியால் பயன் உண்டா என்றால், உறுதியாக உண்டு. நியூசிலாந்தின் ஒடாகோ பல்கலைக்கழகத்தில் உருவாக்கப்பட்ட வீட்டுப் பயிற்சித் திட்டம், கால் தசைகளை வலுப்படுத்துவதையும் நிற்பது நடப்பதில் சமநிலைப் பழக்கத்தையும் மட்டுமே கொண்டது. அதைச் செய்த முதியவர்கள் விழுவது ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. அம்மா சமையலறை மேடையைப் பிடித்துக்கொண்டு குதிகாலை உயர்த்தி இறக்கலாம். கையூன்றாமல் நாற்காலியிலிருந்து எழுந்து உட்காரலாம். ஒரு பாதத்துக்கு முன்னால் இன்னொரு பாதத்தை வைத்து நிற்கலாம். தொடக்கத்தில் நீங்கள் அருகில் நிற்க வேண்டும். கண்ணை மூடிச் செய்யும் பயிற்சிகளை வீட்டில் முயல வேண்டாம்.

சுவரைத் தொட்டுக்கொண்டு நடப்பதைக் கண்டு அவரைக் கடிந்துகொள்ளாதீர்கள். விரல் நுனியால் நூறு கிராமுக்கும் குறைவான அழுத்தத்தில், உடலைத் தாங்கவே முடியாத அளவுக்கு மெல்லத் தொட்டாலும், தள்ளாட்டம் வெகுவாகக் குறைவதை ஆய்வுகள் காட்டியுள்ளன. பாதம் தராத செய்தியை விரல் தருகிறது. ஆகவே படுக்கையிலிருந்து குளியலறை வரை, இரவில் தொட்டுக்கொண்டே போகும்படி சுவரோரத்தில் தடையில்லாமல் வழி செய்து கொடுங்கள். மின்சாரம் போனதும் தானாக எரியும் ஒரு சிறு விளக்கை அந்த வழியில் பொருத்துங்கள். வீட்டுக்குள் வழுக்காத, குதிகாலைப் பிடித்துக்கொள்ளும் காலணி வாங்கிக் கொடுங்கள். குளியலறையில் நீர் படும் இடத்தில் ஒரு கைப்பிடியும், சறுக்காத கால்களுள்ள ஒரு முக்காலியும் இருக்கட்டும். மருத்துவரைப் பார்த்துவிட்டு வரும்வரை, அம்மா அந்த முக்காலியில் உட்கார்ந்தே முகம் கழுவட்டும்.